மூன்று தடவை சிங்க்கில் கொட்டிய சாஸ்

வேலை நாள் ராத்திரி. நான்கு பேருக்குச் சாப்பாடு. அரை மணி நேரத்துக்குள் சிக்கனும் பூண்டும் போட்ட பாஸ்தா தட்டுக்கு வந்துவிட வேண்டும். நான் எனக்கே போட்டுக்கொண்ட பந்தயம் இது. பொருட்கள் ஏழெட்டுதான், கஷ்டமான வேலை எதுவும் இல்லை என்று நினைத்துத்தான் இறங்கினேன். மூன்று வாரத்தில் நான்கு முறை செய்தேன். முதல் மூன்றும் மூன்று விதமாகக் கெட்டன. நான்காவது சரியாக வந்த பிறகுதான் ஒன்று உறைத்தது: முதல் மூன்றையும் காப்பாற்றியிருக்கக்கூடிய பொருள் ஒவ்வொரு தடவையும் அடுப்பிலேயேதான் இருந்தது. அதை நானே வடிதட்டு வழியாக சிங்க்கில் கொட்டிக்கொண்டிருந்தேன். பாஸ்தா வெந்த தண்ணீரைத்தான் சொல்கிறேன்.

கெட்ட கதைகளை முதலில் எழுதிவிடுகிறேன். சரியாக வந்ததை விட அவற்றில்தான் விஷயம் அதிகம்.

முதல் தடவை கருகியது பூண்டு. எண்ணெய் நன்றாகக் காய்ந்த பிறகே எதையும் போட வேண்டும் என்று கை பழகிப்போயிருந்தது. லேசாகப் புகை கிளம்பிய எண்ணெயில், பொடிப்பொடியாக நறுக்கிய பூண்டைக் கொட்டிவிட்டு, பாஸ்தாவை வடிக்கத் திரும்பினேன். வடித்து முடித்துப் பார்த்தால் பாதி பழுப்பு, பாதி கறுப்பு. அடுப்பை அணைத்தேன். அணைத்த பிறகும் கறுத்துக்கொண்டே போனது, ஏனென்றால் எண்ணெயின் சூடு அடுப்போடு சேர்ந்து அணைவதில்லை. கறுத்த துண்டுகளைப் பொறுக்கி எறிந்தால் சரியாகிவிடும் என்று கால் மணி நேரம் பொறுக்கினேன். வீண் வேலை. கசப்பு அதற்குள் எண்ணெயில் இறங்கியிருந்தது. மகள் ஒரு வாய் எடுத்து வைத்துவிட்டு, "அப்பா, இதுல என்ன மருந்து போட்டீங்க?" என்றாள். பூண்டு கருகினால் மீட்க வழி இல்லை, எண்ணெயோடு கொட்டிவிட்டுப் புதிதாகத் தொடங்குவதுதான் மிச்சம் என்று அன்றைக்கே எழுதி வைத்துக்கொண்டேன்.

இரண்டாவது தடவை பூண்டில் கண் வைத்திருந்தேன், சிக்கன் கைவிட்டது. எலும்பில்லாத நெஞ்சுக்கறியைத் துண்டு போட்டு, கழுவிய ஈரத்தோடு அரைக் கிலோவையும் ஒரே வீச்சில் வாணலியில் போட்டேன். சத்தம் ஒரு நிமிடம் கேட்டது, பிறகு அடங்கிவிட்டது. துண்டுகள் விட்ட தண்ணீரிலேயே துண்டுகள் வேகத் தொடங்கின. கறி சிவக்க வேண்டுமானால் அதன் மேற்பரப்பு கிட்டத்தட்ட 140 டிகிரி செல்சியஸாவது போக வேண்டும். தண்ணீர் தேங்கி நிற்கும்வரை வாணலி 100-ஐத் தாண்டாது. தண்ணீர் வற்றட்டும், நிறம் வரட்டும் என்று நான் காத்திருந்த நேரத்தில் கறி உள்ளுக்குள் வெந்து, தாண்டி, ரப்பராகிவிட்டது. நிறமும் வரவில்லை. சாம்பல் நிறத்தில் மெல்லவே முடியாத துண்டுகள். சின்னவன் ஒன்றை வாயின் ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கத்துக்கு மாற்றிக்கொண்டே இருந்தான், விழுங்கவில்லை.

மூன்றாவது தடவை பூண்டும் சிக்கனும் பரவாயில்லை. பாஸ்தா ஒட்டிக்கொள்ளக் கூடாது என்பதற்காகக் கொதிக்கும் தண்ணீரில் எண்ணெய் விட்டேன், வடித்ததும் குளிர்ந்த தண்ணீரில் அலசினேன், பத்து நிமிடம் வடிதட்டிலேயே விட்டேன். மூன்றுமே தப்பு. எண்ணெய் தண்ணீருக்கு மேல் மிதக்குமே தவிர பாஸ்தாவைக் காப்பாற்றாது. ஒட்டாமல் இருக்க வேண்டுமென்றால் போட்ட முதல் இரண்டு நிமிடம் கிளறிவிட்டாலே போதும். அலசினால் பாஸ்தாவின் மேலிருக்கும் மாவுச்சத்து போய்விடும். அது போனால் சாஸ் பிடிக்க எதுவுமே இல்லை. தட்டில் பார்த்தேன்: பாஸ்தா தனி, சிக்கன் தனி, அடியில் எண்ணெய்க் குளம், அதில் பூண்டு. சண்டை போட்ட மூன்று பேர் ஒரே மேஜையில் முகம் கொடுக்காமல் உட்கார்ந்திருந்த மாதிரி.

அன்றைக்குப் பாத்திரம் தேய்த்துக்கொண்டே யோசித்தேன். மூன்றுக்கும் மூன்று விதச் சூடு வேண்டும். சிக்கனுக்கு வாணலி நன்றாகக் காய வேண்டும். பூண்டுக்கு ஆறியிருக்க வேண்டும். பாஸ்தாவுக்குக் கொதிக்கும் தண்ணீர். நான் எல்லாவற்றையும் தனித்தனியாக முடித்துவிட்டு, கடைசியில் சேர்த்துக் கிளறினால் போதும் என்று நினைத்திருந்தேன். அங்கேதான் கோளாறு. சரி, வரிசையை மாற்றிப் பார்ப்போம் என்று நான்காவது தடவைக்குத் தயாரானேன்.

அளவுகள் இவை. ஸ்பகெட்டி (நூல் மாதிரி நீளமான பாஸ்தா) 320 கிராம், பெரியவர் ஒருவருக்கு 90 முதல் 100 கிராம், பிள்ளைகளுக்கு அதற்குக் குறைவாக என்ற கணக்கில். நெஞ்சுக்கறி அரைக் கிலோ, பெரிய துண்டுகளாக இரண்டு. பூண்டு ஒன்பது பல். ஆலிவ் எண்ணெய் நான்கு மேஜைக்கரண்டி. வெண்ணெய் 25 கிராம். துருவிய பார்மசான் சீஸ் ஒரு கைப்பிடி, சுமார் 40 கிராம். ஒரு எலுமிச்சம்பழம். பார்ஸ்லி ஒரு கட்டு. மிளகு, உப்பு.

தண்ணீரில் ஒரு மாற்றம் செய்தேன். 100 கிராம் பாஸ்தாவுக்கு ஒரு லிட்டர் என்பது வழக்கமான அளவு. நான் மொத்தமாகவே இரண்டரை லிட்டர்தான் வைத்தேன். தண்ணீர் குறைந்தால் அதே மாவுச்சத்து அடர்த்தியாகக் கிடைக்கும், கொதிக்கவும் குறைந்த நேரம் போதும். உப்பு 20 கிராம். வழக்கமாக லிட்டருக்குப் பத்து கிராம் போடுவார்கள், ஆனால் இந்தத் தண்ணீர் சாஸிலும் சேரப் போகிறது என்பதால் கொஞ்சம் குறைத்தேன். குறைத்தது போதவில்லை, அதைப் பின்னால் சொல்கிறேன்.

முதலில் தண்ணீரை மூடி போட்டு அடுப்பில் ஏற்றினேன், அப்புறம்தான் கத்தியைத் தொட்டேன். இந்தச் சமையலில் நம்மால் அவசரப்படுத்த முடியாத ஒரே வேலை அதுதான். கடிகாரத்தை அங்கிருந்து எண்ணினேன்.

பலகையில் பூண்டுக்கு முதல் இடம், சிக்கனுக்குக் கடைசி இடம். பச்சைக் கறி தொட்ட பலகையில் வேறு எதையும் நறுக்கக் கூடாது, ஆகவே வரிசை இப்படி இருந்தால் ஒரே பலகை போதும். எட்டுப் பல்லைக் காகிதம் மாதிரி இல்லாமல், ஒரு ரூபாய் நாணயத்தின் கனத்துக்குச் சீவினேன். மிச்சமிருந்த ஒரு பல்லைப் பச்சையாகவே துருவித் தனியாக வைத்தேன். இதற்குக் காரணம் உண்டு. முழுப் பூண்டுக்குப் பெரிய வாசனை கிடையாது. வெட்டும்போதோ நசுக்கும்போதோ அதிலுள்ள அல்லீன் என்ற பொருளும் அல்லினேஸ் என்ற நொதியும் சந்தித்து அல்லிசின் உண்டாகிறது. அந்தக் காரமும் நெடியும் அதனுடையவை. எவ்வளவு நசுக்குகிறோமோ அவ்வளவு காட்டம். சூடு பட்டால் நொதி அடங்கிவிடும், காட்டம் போய் இனிப்பு வரும். எனவே சீவியது எண்ணெயில் இனிக்கட்டும், துருவியது கடைசியில் சேர்ந்து உறைக்கட்டும் என்று இரண்டாகப் பிரித்தேன். பொடிப்பொடியாக நறுக்குவதை விட்டதற்கு இன்னொரு காரணம், பொடி சீக்கிரம் கருகும். ஒரு துண்டு பொன்னிறத்துக்கு வருவதற்குள் பக்கத்திலிருக்கும் அதைவிடச் சின்ன துண்டு கறுத்துவிடும்.

சிக்கனை இந்தத் தடவை கழுவவில்லை. குழாயடியில் கழுவினால் அதிலிருக்கும் கிருமிகள் சாவதில்லை, தண்ணீரோடு தெறித்து சிங்க்கிலும் மேடையிலும் பரவுவதுதான் நடக்கிறது. கிருமியைக் கொல்வது சூடுதான். கழுவுவதற்குப் பதிலாகக் காகிதத் துண்டால் ஒற்றி ஒற்றி ஈரத்தை எடுத்தேன். ஒவ்வொரு பெரிய துண்டையும் கத்தியைப் படுக்கவைத்து அகலவாக்கில் இரண்டாகப் பிளந்தேன். மேலே ஒரு தாளை விரித்து, கனமான பகுதியை மட்டும் உருட்டுக்கட்டையால் தட்டினேன். நான்கும் ஒரு சென்டிமீட்டருக்குச் சற்று கூடுதலான ஒரே கனத்துக்கு வந்தன. நெஞ்சுக்கறி ஒரு முனையில் தடிப்பு, மறுமுனையில் மெலிவு. அப்படியே போட்டால் தடித்த பக்கம் வேகும்வரை மெலிந்த பக்கம் காய்ந்துபோகும். நான்கு தட்டு தட்டினால் அந்தத் தொல்லை இல்லை. உப்பும் மிளகும் இரண்டு பக்கமும் தூவி, பலகையையும் கையையும் சோப்புப் போட்டுக் கழுவினேன். எட்டாவது நிமிடம்.

அகலமான கனத்த வாணலி, ஒரு மேஜைக்கரண்டி எண்ணெய், நடுத்தரத்துக்குக் கொஞ்சம் மேலான தீ. எண்ணெய் பளபளவென்று ஓடத் தொடங்கியதும் இரண்டே துண்டுகள். நான்கும் இடித்துப் பிடித்துக்கொண்டு உள்ளே போயிருக்கும், இரண்டாம் தடவையின் நினைவு தடுத்தது. போட்டபின் நான்கு நிமிடம் தொடவே இல்லை. இதுதான் எனக்குக் கஷ்டமான பகுதி. கரண்டி கையில் இருந்தால் கிளறாமல் இருக்க வராது. கரண்டியைத் தூர வைத்தேன். புரட்ட முடிகிறதா என்று ஒரு முனையைத் தூக்கிப் பார்த்தேன், அடியில் பிடிக்காமல் தானாக எழுந்தது. நல்ல செம்பழுப்பு. மறுபக்கம் இரண்டரை நிமிடம். கறிக்குள் செருகும் வெப்பமானி ஒன்று வைத்திருக்கிறேன், நடுவில் 74 டிகிரி காட்டியதும் தட்டில் எடுத்தேன். வெப்பமானி இல்லாதவர்கள் தடிப்பான இடத்தில் வெட்டிப் பார்க்கலாம்: உள்ளே இளஞ்சிவப்பு இருக்கக் கூடாது, வடியும் சாறு தெளிவாக இருக்க வேண்டும். ஆனால் நிறம் ஏமாற்றும். எனக்குக் கருவியில்தான் நம்பிக்கை.

அடுத்த இரண்டு துண்டுகளுக்குத் தீயைக் கொஞ்சம் குறைத்தேன். முதல் ஈடு முடிந்தபோதே வாணலியின் அடியில் பழுப்பாக ஒரு படலம் ஒட்டியிருந்தது. அதுதான் ருசி, ஆனால் அது கறுத்துவிட்டால் மறுபடியும் முதல் நாள் கசப்புதான். இதற்கிடையில் தண்ணீர் பன்னிரண்டாவது நிமிடத்திலேயே கொதித்துவிட்டது. மூடி போட்டுத் தீயைத் தாழ்த்தி வைத்திருந்தேன். பதினேழாவது நிமிடம் உப்புப் போட்டு ஸ்பகெட்டியை இறக்கினேன். பாக்கெட்டில் பத்து நிமிடம் என்று போட்டிருந்தது. எட்டில் எடுக்கத் திட்டம். மீதி இரண்டு நிமிடம் அது வாணலியில் வேகட்டும்.

இருபத்தோராவது நிமிடம் சிக்கன் முழுவதும் தட்டில். வாணலியை அடுப்பிலிருந்தே இறக்கினேன். கழுவவில்லை, துடைக்கவும் இல்லை. ஒரு நிமிடம் ஆறவிட்டு, மூன்று மேஜைக்கரண்டி எண்ணெயை ஊற்றி, அது பொரியும் சூட்டுக்கு வரும் முன்பே சீவிய பூண்டைப் போட்டு, அடுப்பில் ஏற்றிச் சிம்மில் வைத்தேன். பழக்கத்துக்கு நேர் எதிரான வேலை. சத்தமே இல்லை. அரை நிமிடம் கழித்து ஒவ்வொரு சீவலைச் சுற்றியும் சின்னச் சின்னக் குமிழிகள். வீடு முழுக்க வாசனை. "பூண்டா?" என்று உள்ளே இருந்து மனைவியின் குரல். இரண்டு நிமிடம் நான் வேறு எதையும் பார்க்கவில்லை, பாஸ்தாவைக்கூட.

ஓரங்கள் வைக்கோல் நிறத்துக்கு வந்தன. இன்னும் பத்து வினாடி விட்டால் பொன்னிறம் ஆகும் என்று மனம் சொல்லும். கேட்கவில்லை. பாஸ்தா பானையிலிருந்து ஒரு பெரிய கரண்டி தண்ணீரை மொண்டு வாணலியில் ஊற்றினேன். சுர்ரென்று ஒரு சத்தம், பிறகு அமைதி.

மூன்று வாரமாக நான் தவறவிட்டது இந்தக் கணம்தான். தண்ணீர் விழுந்ததும் வாணலியின் சூடு 100 டிகிரிக்கு இறங்கிவிடுகிறது. அந்தச் சூட்டில் பூண்டு வேகும், மென்மையாகும், ஆனால் மேற்கொண்டு சிவக்காது. நிறம் எந்த இடத்தில் இருந்ததோ அங்கேயே நின்றுவிட்டது. பூண்டுக்கு ஒரு பிரேக். அடுப்பை அணைத்தும் முதல் நாள் எனக்குக் கிடைக்காத பிரேக் இது. அதே தண்ணீரில், அடியில் ஒட்டியிருந்த சிக்கன் படலம் மரக்கரண்டியால் லேசாக உரசியதும் கரைந்து வந்தது. வெள்ளையாக இருந்த தண்ணீர் பழுப்புச் சாறானது. மூன்றாவது வேலை அடுத்த மூன்று நிமிடத்தில் தெரிந்தது.

இருபத்தைந்தாவது நிமிடம். வடிதட்டை எடுக்கவே இல்லை. இடுக்கியால் ஸ்பகெட்டியைப் பானையிலிருந்து தூக்கி, சொட்டச் சொட்ட வாணலிக்குள் போட்டேன். கடித்துப் பார்த்தபோது நடுவில் ஒரு வெள்ளைப் புள்ளி, கொஞ்சம் கெட்டி. இத்தாலியர்கள் அல் டென்டே என்பார்கள், பல்லுக்குப் படுகிற பதம் என்று பொருள். அதற்கும் ஒரு படி முன்னால் இருந்தது. தீயைக் கூட்டினேன், இன்னொரு கரண்டி தண்ணீர், வெண்ணெய், பிறகு விடாமல் புரட்டல். முதலில் எண்ணெய் தனியாகத்தான் மினுங்கியது. முப்பது வினாடியில் கலங்கலானது. ஒரு நிமிடத்தில் பால் மாதிரி ஆகி, அப்புறம் கெட்டிப்பட்டு ஒவ்வொரு இழையையும் பூசிக்கொண்டது. பாஸ்தாவிலிருந்து இறங்கிய மாவுச்சத்து தண்ணீரைக் கெட்டியாக்கி, எண்ணெய்த் துளிகளைப் பிரியவிடாமல் பிடித்து வைக்கிறது. வாணலியைச் சாய்த்துப் பார்த்தேன். எண்ணெய் ஓடவில்லை, சாஸ் நகர்ந்தது. க்ரீம் ஒரு சொட்டு இல்லை. கேட்டவர்கள் நம்பவில்லை என்பது வேறு கதை.

அடுப்பை அணைத்து அரை நிமிடம் பொறுத்த பிறகுதான் சீஸ். கொதிக்கும்போது போட்டால் சீஸின் புரதம் ஒன்றோடொன்று இறுகிக் கட்டியாகி, கரண்டியில் நூலாகத் தொங்கும். துருவி வைத்த பச்சைப் பூண்டு, பாதி எலுமிச்சையின் சாறு, நறுக்கிய பார்ஸ்லி. தட்டில் ஓய்ந்திருந்த சிக்கனை நார் ஓடும் திசைக்குக் குறுக்காக நறுக்கி மேலே வைத்தேன். நார் நீளமாக இருந்தால் பல்லுக்கு வேலை, குறுக்கே வெட்டினால் அந்த வேலையைக் கத்தி செய்துவிடுகிறது. தட்டில் சிக்கன் விட்டிருந்த சாறு இரண்டு கரண்டி தேறியது, அதையும் விடவில்லை. இருபத்தொன்பதாவது நிமிடம் மேஜையில் தட்டு.

உப்பு கூடிவிட்டது. சாப்பிட முடியாத அளவு இல்லை, ஆனால் இரண்டாம் தடவை தண்ணீர் குடிக்கும்போது தெரிந்தது. சிக்கனில் உப்பு, சீஸில் உப்பு, சுண்டிய தண்ணீரில் உப்பு. அடுத்த முறை இரண்டரை லிட்டருக்கு 15 கிராம் போதும். "இன்னும் கொஞ்சம் எலுமிச்சை பிழிங்க, சரியாயிடும்" என்றாள் மனைவி. பிழிந்தேன். புளிப்பு உப்பைக் குறைக்கவில்லை, ஆனால் நாக்கை வேறு பக்கம் திருப்பியது. காய்ந்த மிளகாய்த் துகளைப் பூண்டோடு எண்ணெயில் போட்டால்தான் காரம் எல்லா இடமும் பரவும். சின்னவனுக்காக அதை விட்டுவிட்டு மேஜையில் தனியாக வைத்தேன். மேலே தூவினால் அங்கங்கே சுருக்கென்று இருக்கிறதே தவிர, சேரவில்லை. இதில் சமாதானம் எதுவும் எனக்குப் புலப்படவில்லை. அவன் வளரும்வரை காத்திருக்க வேண்டியதுதான்.

மாற்றுப் பொருட்கள் பற்றிச் சுருக்கமாக: தொடைக்கறி கொஞ்சம் கூடுதலாக வெந்தாலும் மன்னித்துவிடும், முதல் முறை செய்பவர்களுக்கு அதுதான் பாதுகாப்பு. குட்டையான பென்னே வகையிலும் செய்யலாம், இடுக்கிக்குப் பதில் கண் கரண்டி வேண்டும். பூண்டுப் பொடி மட்டும் வேண்டாம், அது எண்ணெயில் விழுந்த கணமே கருகும்.

நேரத்தை இன்னும் மிச்சப்படுத்த, பூண்டை எண்ணெயில் வதக்கி ஒரு பாட்டிலில் மேடையிலேயே வைத்துக்கொள்ளலாம் என்று ஒரு யோசனை வந்தது. விசாரித்துவிட்டுக் கைவிட்டேன். மண்ணில் விளையும் பூண்டில், பாட்டுலிசம் என்ற உயிருக்கே ஆபத்தான நஞ்சுநோயை உண்டாக்கும் பாக்டீரியாவின் வித்துகள் (ஸ்போர்கள்) இருக்கலாம். எண்ணெய்க்குள் காற்று இல்லை, பூண்டில் புளிப்பும் இல்லை, அறைச் சூட்டில் அவை நஞ்சு உண்டாக்கத் தோதான இடம் அதுதான். வாசனையிலோ நிறத்திலோ தெரியவும் தெரியாது. ஒன்பது பல் உரிக்க எனக்கு மூன்று நிமிடம் ஆகிறது, ஆகட்டும். பல்லைக் கத்தியின் அகலத்தால் ஒரு அழுத்து அழுத்தினால் தோல் தானே கழன்றுவிடுகிறது.

எல்லோரும் எழுந்த பிறகு பார்த்தால் ஒருவர் அளவுக்கு மீந்திருந்தது. ஆறியதும் மூடி போட்ட டப்பாவில் குளிர்சாதனப் பெட்டிக்குப் போனது. சமைத்ததை இரண்டு மணி நேரத்துக்கு மேல் வெளியே வைப்பதில்லை, மூன்று நான்கு நாளைக்கு மேல் உள்ளேயும் வைப்பதில்லை. பானையில் இன்னும் தண்ணீர் நிறைய இருந்தது. ஒரு குவளை எடுத்து, மூடி, டப்பாவுக்குப் பக்கத்தில் வைத்தேன். மீதியை வழக்கம்போல சிங்க்கில் கொட்டினேன். மறுநாள் மதியம் மகள் அந்த டப்பாவை எடுத்தபோது ஸ்பகெட்டி ஒரே கட்டியாக இருந்தது. குவளையிலிருந்து நான்கு கரண்டி ஊற்றி, ஆவி பறக்கும்வரை புரட்டிக் கொடுத்தேன். மீண்டும் நகர்ந்தது.